பிரியாணி இறக்கிய லோகநாதன் பாட்டு

தண்டபாணியின் கை கேரம் போர்டின் கோட்டைத் தாண்டியதா இல்லையா என்பதுதான் பிரச்சினை. அம்பேத்கர் பிறந்தநாள் போட்டியின் கடைசி ஆட்டம் அது. சிவப்புக் காயைப் போட்டாகிவிட்டது, அதற்கு ஃபாலோவாக இன்னொரு காயும் விழுந்தால் கோப்பை எர்ணாவூருக்குப் போய்விடும். தண்டபாணி அடித்தான், காய் விழுந்தது, எர்ணாவூர் கூட்டம் விசிலடித்தது. நடுவராக ஸ்டூலில் உட்கார்ந்திருந்தவன் வியாசர்பாடி லோகநாதன். தண்டபாணியின் சொந்தத் தங்கை கன்னியம்மாவின் புருஷன். அவன் வாயிலிருந்த பாக்கை ஒரு கன்னத்துக்கு ஒதுக்கிக்கொண்டு, "கை கோட்டத் தாண்டிச்சி, ஃபவுலு" என்றான்.

"யார் கை?"

"ஒன் கைதான் மச்சான். எங்கைய வெச்சா நீ ஆடினே?"

அதற்கப்புறம் நடந்ததில் ஒரு டியூப் லைட்டும் ஒரு பவுடர் டப்பாவும் காலி. கடைசியில் நாலு பேர் பிடித்து இழுத்துப்போகும்போது தண்டபாணி தெருவே கேட்கிற மாதிரி சொன்னான்: "டேய் லோகு, இனிமே ஒன் சாவுக்குத்தான்டா ஒன் வூட்டு வாசப்படிய மிதிப்பேன்."

"அதுவரிக்கும் நிம்மதி" என்றான் லோகநாதன்.

இப்படிச் சொல்கிறவர்கள் எங்கேயும் இருக்கிறார்கள். சொல்லிவிட்டு அடுத்த ஞாயிற்றுக்கிழமை கறிக்கொழம்பு வாசனைக்கு வந்து நிற்பார்கள். யாரும் எதையும் ஞாபகப்படுத்த மாட்டார்கள். தண்டபாணி அந்த ஜாதி இல்லை. லேத் பட்டறையில் இரும்பைக் கடைந்து கடைந்து அவன் புத்தியும் இரும்பாகிவிட்டது என்பது கன்னியம்மாவின் கட்சி. மூன்று வருஷமாகியும் அவன் வரவில்லை. லோகநாதனும் கூப்பிடவில்லை. இரண்டு ஆம்பிளைகளுக்கு நடுவில் கன்னியம்மா மட்டும் கூடையைத் தூக்கிக்கொண்டு எர்ணாவூர் பஸ் ஏறி அண்ணனைப் பார்த்துவிட்டு வந்தாள்.

இப்போது விஷயம் முற்றிவிட்டது. மகள் எழில்மொழிக்கு ஆனி மாதம் கல்யாணம். மாப்பிள்ளை வீடு புழல். நல்ல ஜனங்கள்தான், ஆனால் மாப்பிள்ளையின் அம்மா ஒவ்வொரு தடவையும் வெற்றிலையை மடித்துக்கொண்டே, "பொண்ணுக்குத் தாய்மாமன் யாரு, இன்னும் கண்ல காட்டலியே" என்று கேட்டாள். தாய்மாமன் மாலை போட்டுப் பெண்ணை மேடைக்குக் கூட்டி வரவேண்டும். இருக்கிற மாமன் வராமல் வேறு யாரோ கூட்டி வந்தால், பெண்ணிடம் என்ன குறை என்று மண்டபமே குசுகுசுக்கும். கன்னியம்மாவுக்கு ராத்திரி தூக்கமில்லை.

அவள் கடைசியாக எர்ணாவூர் போனபோது தண்டபாணி பீரோவைத் திறந்து காட்டினான். உள்ளே மருமகள் எழில்மொழிக்கென்று வாங்கிய அரக்கு நிறப் பட்டுப்புடவை இருந்தது.

"எட்தாச்சி. போன தீவாளிக்கே எட்தாச்சி" என்றான்.

"அப்ப வந்து குடுத்துட்டுப் போவ வேண்டிதுதான?"

"நீ எட்டுனு போ. நான் வர மாட்டேன். சொன்ன சொல்லு இன்னா ஆவறது?"

"ஒன் சொல்ல ஒடப்புல போடு. புள்ள அழுவுது."

"நானும்தான் அழுவறேன்" என்றான் தண்டபாணி. நிஜமாகவே கண் கலங்கியிருந்தது. ஆனால் வரமாட்டேன் என்றான். புடவையை அவனே கொண்டுவரட்டும் என்று கன்னியம்மா விட்டுவிட்டு வந்தாள்.

இந்த நேரத்தில்தான் சிப்ரியண்ணன் வீட்டில் வந்து சேர்ந்தான்.

அவன் நிஜப்பெயர் சிப்ரியானோ. மெக்சிகோ நாட்டுக்காரன், கப்பலில் சமையல்காரன். அவன் வேலை செய்த கப்பலின் முதலாளி எந்த ஊர்க்காரன் என்று கோர்ட்டுக்கே தெரியவில்லை. யாரோ கேஸ் போட்டு, கப்பலை ஹார்பரில் பிடித்துக் கட்டிவிட்டார்கள். முதலாளி போனை எடுக்கவில்லை. எண்ணெய் தீர்ந்து ஜெனரேட்டர் நின்றது. அரிசி தீர்ந்தது. கப்பலை விட்டு யாரும் இறங்கக்கூடாது, யாரும் ஏறவும் கூடாது என்று ஏணியடியில் காவல். சித்திரை வெயிலில் இரும்புத் தளம் கொதிக்க, உள்ளே பத்துப் பதினைந்து பேர் வெந்த பருப்பைத் தின்றுகொண்டு கரையைப் பார்த்தபடி இருந்தார்கள்.

லோகநாதன் அதே துறையில் கிரேன் ஓட்டுகிறவன். மேலே கூண்டில் உட்கார்ந்தால் அந்தத் தளம் முழுக்கத் தெரியும். ஒரு நாள் சமையல்காரன் ஒருத்தன் காலிப் பாத்திரத்தைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் உட்கார்ந்து கிதார் வாசிப்பதைப் பார்த்தான். பாத்திரம் கவிழ்ந்து கிடந்தது அவன் மனசை என்னமோ செய்தது. மறுநாள் மூலக்கடை பாய் கடையில் ஒரு தேக்சா பிரியாணி சொல்லி, சாப்பாட்டு நேரத்தில் ஹார்பருக்குள் கொண்டுவந்து, வலையில் கட்டி, கொக்கியில் மாட்டி, காவல்காரனின் தலைக்கு மேலாக கிரேனைத் திருப்பி, கப்பலின் நடுத்தளத்தில் பூப்போல இறக்கினான். சட்டப்படி யாரும் ஏறவில்லை, யாரும் இறங்கவில்லை.

மேலதிகாரி கூப்பிட்டுக் கத்தினார். "யாரைக் கேட்டு இறக்கின?"

"சரக்கு எறக்கறதுதான சார் என் வேல. எறக்கினேன்."

ஒரு வாரம் வீட்டிலிருக்கச் சொல்லிவிட்டார்கள். கன்னியம்மா அந்த வாரம் முழுக்க அவனைத் திட்டித் தீர்த்தாள். திட்டினாலும், தன் வறுவல் கடைக்கு மீன் வாங்கக் காசிமேடு போனபோது நாலு பெண்களிடம் தானே அந்தக் கதையைச் சொன்னாள்.

பிற்பாடு வக்கீல் ஒருத்தர் வாதாடி, கப்பல்காரர்கள் பகலில் கரையிறங்கலாம் என்று ஆர்டர் வாங்கினார். முதல் ஞாயிற்றுக்கிழமையே சிப்ரியானோ கிதாரைத் தோளில் போட்டுக்கொண்டு, பிரியாணி இறக்கியவன் வீட்டைத் தேடி வியாசர்பாடிக்கு வந்துவிட்டான். கட்டை குட்டையாக, லோகநாதனைவிட அரை மாற்றுக் கறுப்பாக இருந்தான். தெருவில் யாரும் அவனை வெளிநாட்டுக்காரன் என்று நம்பவில்லை. "இன்னாபா, எந்த ஏரியா?" என்றே கேட்டார்கள். அமெரிக்கா என்று எவனோ கிளப்பிவிட, இரண்டு பேர் விசா கேட்டு வந்தார்கள். சிப்ரியானோவுக்கு ரோஷம் வந்துவிட்டது. எழில்மொழி பி.காம் படித்து ஏற்றுமதி ஆபீசில் வேலை பார்ப்பவள். அவன் பேசிய கப்பல் இங்கிலீஷை அவள்தான் தமிழாக்கினாள்.

"அமெரிக்கான்னா ஒரு நாடு இல்லியாம்மா. வடக்கேர்ந்து தெக்கு வரிக்கும் மொத்தமும் அமெரிக்காதானாம். ஒரு நாட்டுக்காரன் மட்டும் அந்தப் பேர எட்துகினு, மத்தவன்லாம் பேரில்லாம நிக்கறானாம்."

"இன்னா கோவம் வருது இவருக்கு" என்றாள் கன்னியம்மா. "கொயம்பு ஊத்து."

நெத்திலிக் கருவாட்டுக் குழம்பைத் தின்றுவிட்டு அவன் அடுத்த குண்டைப் போட்டான். மிளகாய் அவன் நாட்டுப் பக்கத்திலிருந்துதான் கப்பலேறி உலகமெல்லாம் போனதாம். தக்காளியும் அப்படித்தானாம். கன்னியம்மா கரண்டியோடு நின்றுவிட்டாள்.

"மொளகா ஒங்குளுதா? அப்ப அதுக்கு முன்னாடி எங்க சனம் மீன இன்னாத்துல வறுத்துச்சாம்?"

"மிளகு" என்று அவனே தமிழில் சொன்னான். அந்த வார்த்தையைக் காசிமேட்டில் கற்றிருந்தான். அன்றிலிருந்து கன்னியம்மா அவனுக்குக் குழம்பில் காரம் தூக்கலாகவே வைத்தாள். அவன் மூக்கில் நீர் வழிய இன்னும் கேட்டான். அவளுக்கு அவனைப் பிடித்துப்போனது அதனால்தான்.

எதிர்வீட்டு பீம்ராவுக்குப் பிடித்துப்போனது வேறு காரணத்தால். பீம்ராவ் கானா பாடுகிறவன். கல்யாணத்துக்கும் பாடுவான் என்று சொல்லிக்கொண்டாலும், ஜனங்கள் கூப்பிடுவது சாவு வீட்டுக்குத்தான். மூலக்கொத்தளம் சுடுகாட்டுக்குப் போகவேண்டிய ஒருத்தரை வீட்டில் வைத்திருக்கும்போது, அவர் பெயர், ஊர், செய்த நல்லது, பட்ட கஷ்டம் எல்லாவற்றையும் மெட்டுக் கட்டிப் பாடுவான். கல்நெஞ்சுக்காரனும் அழுவான். சிப்ரியானோ பாடிய பாட்டுகளும் அதே மாதிரி ஆட்களின் கதைகள்தான் என்று கேட்டதும் கயிற்றுக் கட்டிலை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிட்டான்.

கொரிதோ என்பது அந்தப் பாட்டுக்குப் பெயர். முதல் அடியிலேயே வருஷமும் ஊரும் வந்துவிட வேண்டும். அப்புறம் ஆள் பெயர், அவன் என்ன செய்தான், எதிரே நின்ற அதிகாரியிடம் என்ன பதில் சொன்னான். கடைசி அடியில் விடைபெற்றுக்கொள்ள வேண்டும். சிப்ரியானோவின் கொள்ளுத்தாத்தாவின் அப்பா ஆற்றங்கரையில் மாடு வைத்திருந்தாராம். சண்டை ஒன்று நடந்து, ஒரு நாள் காலையில் எழுந்து பார்த்தால் ஆற்றுக்கு அவர் வீடிருந்த பக்கம் வேறு நாடு. வீடு அங்கேயேதான் இருந்தது, நாடுதான் மாறிவிட்டது. புது அதிகாரி வந்து நிலத்தைப் பிடுங்க, எதிர்த்தவனைப் பேப்பரில் கொள்ளைக்காரன் என்று போட்டார்கள். எதிர்த்தவனுக்கு அவன் அம்மா வைத்த பெயரைப் பாட்டுக்காரன்தான் பாட்டில் போட்டு ஊர் ஊராகக் கொண்டுபோனான்.

எழில்மொழி இதைச் சொன்னதும் பீம்ராவ் தொடையில் தட்டினான். "நம்ம கததான் அண்ணாத்தே. எங்க சித்தப்பன் வூட்டயே தூக்கி எர்ணாவூர்ல போட்டானுங்க. இவங்குளுக்கு நாட்டயே தூக்கிப் போட்டுகீறான். பேப்பர்ல நம்ம ஏரியா பேரு எப்ப வருது? எவனாச்சும் கத்தி எட்தாதான் வருது. அதான் நான் பாட்டுல போடறேன்."

"ஆனா ஆளு செத்தப்புறம்தான நீ போடற" என்று எழில்மொழி மூலமாகக் கேட்டான் சிப்ரியானோ. "எங்க ஊர்ல உயிரோட இருக்கறப்பவே பாடுவோம். செத்தவனுக்குப் பாடினா அவனுக்கு எப்படிக் கேக்கும்?"

பீம்ராவ் தலையைச் சொறிந்துகொண்டு வீட்டுக்குப் போனான்.

வைகாசியில் ஒரு வெள்ளிக்கிழமை, கப்பல்காரர்களை ஊருக்கு அனுப்ப டிக்கெட் வந்துவிட்டது என்று தெரிந்தது. ஞாயிற்றுக்கிழமை சிப்ரியானோ கடைசியாகச் சாப்பிட வந்தான். வெறும் கையோடு வரவில்லை. லோகநாதன்மேல் ஒரு கொரிதோ கட்டியிருந்தான். முதல்நாளே வந்து அவன் அதைப் பாடிக்காட்ட, எழில்மொழி தமிழில் சொல்ல, பீம்ராவ் கானாவாக்கி வைத்திருந்தான். கன்னியம்மாவுக்கு இதெல்லாம் பாதிக் காதில்தான் விழுந்தது. அவள் பின்கட்டில் அரிவாள்மனைக்கு முன்னால் உட்கார்ந்து கூடை நிறையச் சங்கரா மீன் ஆய்ந்துகொண்டிருந்தாள். மாப்பிள்ளை வீட்டிலிருந்து காலையில்தான் போன் வந்திருந்தது. தாய்மாமன் பெயரைக் கல்யாணப் பத்திரிகையில் போட்டீர்களே, ஆள் வருவாரா என்று கேட்டிருந்தார்கள். வருவார் என்று சொல்லிவிட்டாள். சொன்ன பொய் செதிலோடு செதிலாகக் கையில் ஒட்டிக்கொண்டிருந்தது.

அவள் கையைக் கழுவிக்கொண்டு வாசலுக்கு வந்தபோது, நடக்கக்கூடாத ஏற்பாடுகள் எல்லாம் தானாக நடந்து முடிந்திருந்தன.

தெருவில் ஷாமியானா இருந்தது. பக்கத்து வீட்டில் முதல்நாள் மஞ்சள் நீராட்டு, பந்தல்காரன் இன்னும் பிரிக்க வரவில்லை. அதன் நிழலில் பிளாஸ்டிக் நாற்காலிகள் இருந்தன. நடு நாற்காலியில் லோகநாதன் வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டையில் உட்கார்ந்திருந்தான். அவன் கழுத்தில் முழங்கால் வரைக்கும் தொங்கும் சம்பங்கி மாலை. பார்த்ததும் கன்னியம்மாவுக்குப் பகீரென்றது.

"இந்த மாலய எங்க வாங்கினே?"

சிப்ரியானோ பெருமையாகச் சொன்னான். ஆட்டோவில் வரும்போது வரிசையாகப் பூக்கடைகள் இருந்தனவாம், பெரிய சுவர், பெரிய கேட், அதற்கு எதிரே. இருப்பதிலேயே பெரிய மாலையாகக் கேட்டானாம்.

"மூலக்கொத்தளம் கேட்டு" என்றாள் எழில்மொழி, சிரிப்பை அடக்கிக்கொண்டு.

"யோவ், கயட்டு அத."

"ஆசயா வாங்கியாந்துகீறாரு" என்றான் லோகநாதன். "பூவுக்கு இன்னா தெரியும், யாரு கய்த்துல கீறோம்னு?"

பீம்ராவ் அப்போதுதான் புளியந்தோப்பில் ஒரு சாவு எடுப்பு வேலையை முடித்துவிட்டு மைக் செட், தாளம் தட்டும் பானை, டேப் மேளம் சகிதம் ஆட்டோவில் வந்து இறங்கினான். ஸ்பீக்கர் பெட்டியை ஷாமியானா கம்பத்தில் கட்டினான். கன்னியம்மா இடுப்பில் கைவைத்தாள்.

"மைக்கு எதுக்குடா?"

"அண்ணி, கைவசம் கீற மைக்க கயட்டி வெச்சிட்டு வாயால கத்தச் சொல்றியா?"

"மெட்டு இன்னா மெட்டு?"

பீம்ராவ் தரையைப் பார்த்தான். "பேரு, ஊரு, வருசம் போட்டு ஒருத்தர் கதய பாடணும்னா எனக்கு அந்த மெட்டுதான் அண்ணி வருது. கண்ணாலப் பாட்டு மெட்டுல போட்டுப் பாத்தேன், பிரியாணி நிக்க மாட்டேங்குது."

கடைசி அடியில்தான் இன்னொரு பேஜார் இருந்தது. பாடகன் விடைபெற்றுக்கொள்ளாவிட்டால் அது கொரிதோவே இல்லை என்பது சிப்ரியானோவின் பிடிவாதம். பீம்ராவ் முடியவே முடியாது என்றுவிட்டான். சாவு வீட்டில் யாரும் போய்வருகிறேன் என்று சொல்லக்கூடாது. சொன்னால் மறுபடி அதே காரியத்துக்கு வருவதாக ஆகிவிடும். பாடுகிறவனும் பானையைத் தூக்கிக்கொண்டு திரும்பிப் பார்க்காமல் போகவேண்டும். அந்த மெட்டில் வரேன் என்ற வார்த்தை என் வாயில் வராது என்றான். கடைசியில் இரண்டு பேரும் ஒத்துப்போனார்கள். பாடகன் வேண்டாம், பாட்டுடைத் தலைவனே விடைபெறட்டும் என்று முடிவானது. இரண்டு கலைஞர்கள் சேர்ந்து எடுத்த முடிவு, யார் என்ன சொல்வது.

கிதார் முதலில் எழுந்தது, பானை பின்னால் சேர்ந்தது. பீம்ராவ் ஒரு கையால் காதைப் பொத்திக்கொண்டு ஆரம்பித்தான்.

"ரெண்டாயிரத்து மூணாம் வருசம், சித்திர மாச வெயிலு,
மெட்ராசு ஹார்பரு உள்ள நின்னுகீது கப்பலு,
சோறு இல்ல, கரண்டும் இல்ல, கேக்க நாதி இல்ல,
வியாசர்பாடி லோகநாதன் பாத்துகினான் மேல."

லோகநாதன் கண்ணை மூடிக்கொண்டான். தன் பெயரை ஸ்பீக்கரில் கேட்பது அவனுக்கு இது முதல் தடவை. தேக்சா கொக்கியில் ஆடி ஆடிப் போகிற கட்டம் வந்தபோது அவன் மூடிய கண்ணிலிருந்து நீர் வழிந்தது. கன்னியம்மாவும் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். மனுஷன் இருபத்தைந்து வருஷமாகக் கூண்டில் உட்கார்ந்து ஊருக்கெல்லாம் சரக்கு இறக்கியிருக்கிறான், ஒருத்தனும் அண்ணாந்து பார்த்ததில்லை. எங்கேயோ பிறந்தவன் வந்து பார்த்திருக்கிறான் என்று நினைத்தாள்.

மெயின் ரோட்டில் ஓர் ஆட்டோ நின்றது. எர்ணாவூர் ஸ்டாண்டு தமீம்தான், தண்டபாணியின் தோஸ்து. சவாரியோடு போனவன் எட்டிப் பார்த்தான். ஷாமியானா, மைக், நாற்காலியில் மாலையோடு கண்மூடி உட்காரவைத்திருக்கும் லோகநாதன், பக்கத்தில் கண்ணைத் துடைக்கும் கன்னியம்மா. வட சென்னையில் செத்தவரை நாற்காலியில் உட்காரவைப்பது உண்டு. தமீம் நெஞ்சில் கைவைத்துத் தலையைக் குனிந்துவிட்டு வண்டியைக் கிளப்பினான். பாய் சலாம் வைத்துவிட்டுப் போகிறார் என்று கன்னியம்மா நினைத்துக்கொண்டாள்.

"போறேன் போறேன்னு சொல்லி லோகநாதன் போறான்,
கிரேன் கொக்கி தனியா ஆட, எங்க பாத்துப் போறான்?
வியாசர்பாடி சனமே, அவன் வூட்டுக்காரி கன்னியே,
கும்புட்டுப் போறான் பாரு, பசிய தீத்த புண்ணியன்."

இந்த அடிகள் சிப்ரியானோவுக்கு ரொம்பப் பிடித்துவிட்டன. திரும்பப் பாடச் சொன்னான். பீம்ராவ் மறுபடி பாடினான். மூன்றாம் தடவையில் தெருக்கோடிக் குழாயடியிலிருந்து நீலா தலைமுடியை அவிழ்த்துவிட்டுக்கொண்டு ஓடிவந்தாள்.

"ஐயோ கன்னீ, காலீல கூட நல்லாதான மாவு பாக்கிட்டு எட்துகினு போனாரு, இப்டி பொசுக்குனு பூட்டாரே..."

லோகநாதன் கண்ணைத் திறந்து, "யாரு பூட்டாங்க?" என்றான். நீலா அப்படியே மண்ணில் உட்கார்ந்துவிட்டாள். அவளுக்குத் தண்ணீர் தெளித்து எழுப்புவதற்குள் தப்பு அடிக்கிறவர்கள் இரண்டு பேர் வந்து எத்தனை மணிக்கு எடுப்பு என்று கேட்டார்கள். கன்னியம்மா அவர்களை விரட்டினாள். "யோவ், எய்ந்துருய்யா" என்று புருஷனைப் பார்த்துக் கத்தினாள்.

"இன்னொரு தபா பாடட்டுமே" என்றான் லோகநாதன், மறுபடி கண்ணை மூடிக்கொண்டு.

அப்போதுதான் தண்டபாணி வந்தான்.

தமீமின் ஆட்டோ நிற்பதற்கு முன்பே குதித்தான். பட்டறைக் காக்கியோடு, கையில் கிரீசோடு வந்திருந்தான். தலையில் அடித்துக்கொண்டு ஓடிவந்தவன், தங்கை குறுக்கே கையை நீட்டி "அண்ணா, அண்ணா" என்று கூப்பிட்டதைக் காதில் வாங்காமல், நேரே வாசல்படி ஏறி, உள்ளே இல்லை என்றதும் திரும்பி, லோகநாதனின் கால்மாட்டில் விழுந்தான். இரண்டு முழங்காலையும் கட்டிக்கொண்டான்.

"மச்சான், பூட்டியேடா. என்னோட பேசாமயே பூட்டியேடா. ஒரு கேரம் போர்டு நம்மள பிரிச்சிட்ச்சேடா. நெஜத்த சொல்லிர்றேன்டா மச்சான், ஒன் பொணத்து மேல கைய வெச்சி சொல்றேன். என் கை தாண்டிச்சிடா. கோட்டத் தாண்டிச்சி. நீ சொன்னது நாயம்டா. எனக்கு அப்பவே தெரியும்டா."

பானை நின்றது. சிப்ரியானோ மட்டும் மரியாதைக்காகக் கிதாரில் மெல்ல இரண்டு கம்பிகளைத் தட்டினான்.

லோகநாதன் குனிந்து மச்சானின் தலையைப் பார்த்தான். "அப்ப தாண்டிச்சில்ல?" என்றான்.

தண்டபாணி தலையைத் தூக்க நேரம் பிடித்தது. தூக்கியவன் முகம் முதலில் வெளுத்தது, அப்புறம் சிவந்தது, அப்புறம் என்ன நிறமென்று சொல்லமுடியாமல் போனது. "நீ சாவல?" என்றான்.

"இல்ல மச்சான்."

"அப்ப இன்னாத்துக்குடா மால போட்டு குந்திகினு கீற?"

"பாட்டு கேட்டுகினு கீறேன்."

அடுத்த அரைமணி நேரம் நடந்ததை வரிசையாகச் சொல்ல முடியாது. தண்டபாணி தமீமின் சட்டையைப் பிடித்தான். தமீம் பீம்ராவைக் காட்டினான். பீம்ராவ் சிப்ரியானோவைக் காட்டினான். சிப்ரியானோ எழில்மொழியைப் பார்த்தான். அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தபடி எல்லாவற்றையும் இங்கிலீஷில் சொன்னாள். அவன் தண்டபாணியை மேலும் கீழும் பார்த்துவிட்டு அவளிடம் என்னமோ சொன்னான்.

"இன்னா சொல்றான் அவன்?" என்றான் தண்டபாணி.

"நீங்க நல்லா அழுவுறீங்களாம் மாமா. ஒங்க மேல ஒரு பாட்டு கட்டலாமாம். ஆனா நீங்க இன்னா செஞ்சீங்கன்னு கேக்கறாரு. ஏதாச்சும் செஞ்சாதான் பாட்டு வருமாம்."

"தப்ப ஒத்துகினான்னு சொல்லு எழிலு" என்றான் லோகநாதன். "அது எவன் செய்வான்?"

"அது பாட்டுல வந்திச்சி, மவனே, நீ நெஜமாவே காலி" என்றான் தண்டபாணி. ஆனால் நாற்காலியில் உட்கார்ந்தான்.

கன்னியம்மா மீன் வறுத்துத் தட்டில் எடுத்து வந்தாள். அண்ணன் வந்துவிட்டான், வாசப்படியை மிதித்துவிட்டான். ஆனால் எதற்கு வந்தான்? சாவுக்கு வந்தான். சொன்ன சொல்லை அட்சரம் பிசகாமல் காப்பாற்றிவிட்டான். கல்யாணத்துக்கு வருவானா என்பது அப்படியேதான் இருந்தது. அவள் தட்டை நீட்டினாள். தண்டபாணி மீனைப் பார்த்தான், மூக்கு விடைத்தது. முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"நான் சாவுக்கு வந்தவன். சாவு வூட்ல கை நனிக்கக் கூடாது."

"அதான் சாவலியே அண்ணா."

"அவன் சாவாதது அவன் தப்பு. நான் வந்தது சாவுக்குத்தான். மூணு வருசமா ஒரே சொல்லுல நின்னவன், ஒரு துண்டு மீனுக்கு மாத்திக்க மாட்டேன்."

அவன் அதே வீம்போடு எழுந்தான். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டான். யாரிடமும் ஒரு வார்த்தை சொல்லாமல், யாரையும் பார்க்காமல், சாவு வீட்டிலிருந்து போகிறவன் எப்படிப் போகவேண்டுமோ அப்படியே நடக்க ஆரம்பித்தான். தமீம் பின்னாலேயே ஆட்டோவைத் தள்ளிக்கொண்டு போனான். லோகநாதன் மாலையோடு பாதி எழுந்து மறுபடி உட்கார்ந்தான். எழில்மொழியின் சிரிப்பு நின்றுவிட்டது. மாமனின் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் மட்டும் இப்படியே முக்குத் திரும்பிவிட்டால் எல்லாம் முடிந்தது, இனி யார் காலில் விழுந்தாலும் வரமாட்டான் என்று கன்னியம்மாவுக்குத் தெரிந்தது. ஆட்டோவுக்கு முன்னால் ஓடிப் போய் நிற்கலாமா என்று நினைத்தாள்.

சிப்ரியானோவுக்கு எதுவும் புரியவில்லை. அவன் பாட்டுக்கு எழுந்து நின்று, தொப்பியைக் கழற்றி, போகிறவனைப் பார்த்துத் தன் பாஷையில் விடைகொடுத்துக் கையாட்டினான். அவன் ஊரில் பாட்டு முடிந்தால் அப்படித்தான் செய்வார்கள் போலிருக்கிறது.

ரேஷன் கடை முக்கில் தண்டபாணி நின்றான். ஆட்டோ மீட்டரைத் தட்டினான். செருப்பிலிருந்த கல்லை உதறினான். அப்புறம் திரும்பினான். இங்கிருந்து பார்த்தாலும் அவன் மூக்கு சிவந்திருந்தது தெரிந்தது.

"கன்னீ" என்றான், மைக் இல்லாமலே தெருக்கோடிவரை கேட்கிற குரலில். "போய்ட்டு வரேன். மச்சான், வரேன்டா. எழிலு, மாமன் வரேன்."

மூன்று தடவை சொன்னான். சாவு வீட்டில் ஒருத்தன் ஒரு தடவைகூடச் சொல்லத் துணியாத வார்த்தை. நீலா கன்னத்தில் போட்டுக்கொண்டாள். பீம்ராவ் பானையைக் கீழே வைத்துவிட்டான்.

"வாண்ணா" என்று சொல்ல வாயெடுத்தாள் கன்னியம்மா. அழுகைதான் வந்தது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு நன்றாக அழுதாள். ஆட்டோ திரும்பி மறைந்தது.

அழுது முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு திரும்பினால், லோகநாதன் இன்னும் மாலையோடு அதே நாற்காலியில் முக்கைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தான். அவன் கன்னமும் நனைந்துதான் இருந்தது. கன்னியம்மா போய் மாலையை அவன் தலைவழியாகக் கழற்றி ஷாமியானா கம்பத்தில் மாட்டினாள்.

"பொணம் மாரி குந்திகினு கீறியே, எய்ந்து வா" என்றாள். "மீனு ஆறிப் போவுது."